கொரியரும் கோல்ப் விளையாட்டும்

ஒரு நாட்டு மக்களின் இயல்பை அறிய விரும்புவோர் அந்நாட்டின் அரசியலையும் இலக்கியத்தையும் மட்டும் ஆராய்ந்தாற் போதாது. அம்மக்கள் ஓய்வு நேரத்தில் எதனை விரும்பி ஆடுகின்றனர், அவ்வாட்டத்தின்பொருட்டு எவ்வளவு பொருளையும் பொழுதையும் செலவிடுகின்றனர் என்பனவற்றையும் ஆராய்தல் வேண்டும். நம் நாட்டுச் சிறுவர் ஆடும் கிட்டிப்புள்ளுக்கு ஒரு கழியும் விரல் நீள மரத்துண்டும் போதும். சடுகுடுவிற்கோ அவையும் வேண்டா, மூச்சொன்றே போதும். தெருமுனையும் களத்துமேடும் அவற்றிற்கு அரங்கமாம். இவற்றிற்கு நேர்மாறாக, மிகுந்த நிலமும் மிகுந்த பொருளும் மிகுந்த பொழுதும் ஒருங்கே வேண்டுகின்ற ஆட்டம் ஒன்று உண்டு. அதுவே கோல்ப். நிலம் நிரம்பிய நாட்டார் இதனை விரும்புதல் இயல்பே. ஆனால், சமநிலம் மிகவும் குறைந்த தென்கொரிய நாட்டார் இதனைப் பெரிதும் போற்றுதல் யாது காரணம் பற்றி? இவ்வினாவிற்கு விடை தேடப் புகின், அவ்விடை விளையாட்டைப் பற்றியதாக மட்டும் நில்லாது, நிலம், பதவி, நட்பு, நீதி ஆகியவற்றைப் பற்றியதாகவும் விரிதலைக் காணலாம்.

கொரியர் இன்று நமக்குத் தொலைநாட்டினர் அல்லர். 1996-ஆம் ஆண்டில் ஹூண்டாய்க் கம்பெனியார் சென்னையை அடுத்த இருங்காட்டுக்கோட்டையில் மோட்டார்த் தொழிற்சாலைக்கு அடிகோலினர். 1998-இல் அங்கிருந்து முதற் கார்கள் வெளிவந்தன. பெங்களூருக்கு வடக்கே, ஆந்திர நாட்டுப் பெனுகொண்டாவை அடுத்து, கியாக் கம்பெனியின் தொழிற்சாலை 2019-இல் உற்பத்தியைத் தொடங்கிற்று. கிழக்கே ஒன்றும் வடக்கே ஒன்றுமாக நின்ற இவ்விரு தொழில் நிலையங்கட்கும் இடைப்பட்ட நாட்டிலேயே ஓசூரும் எம் ராயக்கோட்டையும் கிருஷ்ணகிரியும் உள்ளன. எல்லைப்புறமாகிய இப்பகுதியில் ஆலைகள் பெருகப் பெருக, அயல்நாட்டு மானேஜர்களும் என்ஜினீயர்களும் பெருகுகின்றனர். அவர்தம் பழக்கவழக்கங்களும் உடன் வருகின்றன. அவற்றுள் ஒன்றனைத் தெளிவாக அறிந்துகொள்ளுதல் நமக்குப் பயனுடையதாகும்.

ஆட்டத்தின் இயல்பு

கோல்ப் ஸ்காட்லாந்து நாட்டில் வளர்ந்த ஆட்டம். கைக்குள் அடங்கும் சிறு வெண்பந்தைத் தரைமீது வைத்து, நீண்ட கோலால் அடித்து, தொலைவிலுள்ள ஒரு சிறு குழியுள் விழச் செய்தலே இதன் சாரம். முழு ஆட்டத்திற்குக் குழிகள் 18. ஒரு குழிக்குரிய வழி நூறு கஜத்திற்கு மேற்பட்டது முதல் ஐந்நூறு கஜத்திற்கு மேற்பட்டது வரை பலவாறாக அமையும். இடையிடையே மணற்பள்ளங்களும் நீர்நிலைகளும் மரச்செறிவும் ஆடுவோரின் திறமையைச் சோதிக்கும். 18 குழிகளையும் மிகக் குறைந்த அடிகளால் முடித்தவரே வென்றவர். தேர்ச்சி பெற்றவர்க்கு 72 அடிகள் என்பது பொதுவாகக் கொள்ளப்படும் அளவு.

இவ்வாட்டத்தின் பொருளாதாரத்தை அறிய விரும்புவோர் இதன் மூன்று இயல்புகளை மனத்துட் கொள்ளல் வேண்டும். முதலாவது, இஃது உண்ணும் நிலம். 18 குழிகள் கொண்ட களம் ஒன்றற்கு ஏறக்குறைய 150 ஏக்கர் வேண்டும். அத்துணை நிலத்திலும் ஒரே நேரத்தில் ஆடுவோர் மிகச் சிலரே. நால்வர் கொண்ட குழு ஒன்று புறப்பட்ட பின்னர் ஏழெட்டு நிமிடங் கழித்தே அடுத்த குழு புறப்படலாம்; ஆகவே ஒரு மணி நேரத்தில் எட்டுக் குழுக்கள், அஃதாவது 32 பேர்களே ஆட்டந் தொடங்க இயலும். களத்தை வளர்த்துக் காக்குஞ் செலவு முழுவதையும் இச்சிலரிடமிருந்தே பெறுதல் வேண்டும். இரண்டாவது, இது கொள்ளும் பொழுது. ஒரு முழு ஆட்டம் நான்கு மணிக்குக் குறையாது நடைபெறும். பந்தை அடிப்பதற்குச் செல்லும் நேரமோ மிகச் சிறிது. எஞ்சிய பொழுதெல்லாம் நடையும் பேச்சுமே. மூன்றாவது, இதன்கண் உள்ள சலுகை முறை. திறமை குறைந்தவர்க்கு அவர் தரத்திற்கேற்பச் சில அடிகளைக் கழித்துக் கொடுப்பர். அதனால் அறுபது வயதுக் கம்பெனித் தலைவரும் முப்பது வயது அலுவலரும் ஒரே குழுவில் ஆடி இன்புறலாம். கால்பந்தாட்டத்தில் இஃது இயலுமோ?

நிலம், பொழுது, கூட்டுறவு என்னும் இம்மூன்றுமே கோல்ப் ஆட்டத்தின் விலையை அறுதியிடுவன. கோலும் பந்தும் அவ்விலையுள் சிறு பகுதியே.

கொரிய நாட்டில் அதன் விலை

தென்கொரியாவின் பரப்பு ஏறக்குறைய 1,00,000 சதுர கிலோமீட்டர். நம் தமிழ்நாட்டின் பரப்போ 1,30,000. நம்மினுஞ் சிறிய அந்நாட்டில் மூன்றில் இரு பங்கு மலைப்பாங்கு. எஞ்சிய நிலத்தில் ஐந்து கோடிக்கு மேற்பட்ட மக்கள் வாழ்கின்றனர். அவர்களுட் பாதிப்பேர் சியோல் நகரையும் அதனைச் சூழ்ந்த பகுதியையும் சார்ந்துள்ளனர். நெல்விளையும் சமவெளியும் வீடு கட்டும் நிலமும் அரிதாயிருக்க, கோல்ப் களங்களை மலைச்சரிவுகளில் அமைப்பதன்றி வேறு வழியில்லை. மலையை வெட்டிப் படியாக்கி, மழைநீர் வடிய வழி செய்து, புல் வளர்த்து, வழி சமைத்தல் வேண்டும். குளிர்காலத்திற் புல் பழுத்துத் தரை உறையும். ஆதலின் ஆடுதற்கேற்ற மாதங்களும் குறைவு. இத்துணைத் தடைகளிருந்தும் இன்று அந்நாட்டில் 500-க்கு மேற்பட்ட களங்கள் உள.

களத்திற்கு ஆகும் செலவோடு அரசாங்க வரியும் சேரும். ஆடம்பரப் பொருள்களோடு ஒருங்கு வைத்துக் கோல்ப் ஆட்டத்திற்கு அந்நாட்டு அரசாங்கம் தனி வரி விதித்தது. உறுப்பினர் களங்களில் நுழையும் ஒருவர்க்கு அவ்வரி 12,000 வோன். அதன்மீது கல்வி வரி முதலியனவுஞ் சேர 21,120 வோன் ஆகும். நம் நாணயத்தில் இஃது 1,000 ரூபாய்க்கு மேற்படும். பந்தை ஒரு முறையேனும் தொடுமுன் செலுத்த வேண்டிய தொகை இது. இதற்குமேல், நால்வர்க்கு ஒருவராக உடன்வரும் துணையாளுக்கு 1,50,000 வோன் அளவிற் கூலி உண்டு. இத்துணையாளர் பெரும்பாலும் பெண்டிர். சிறு வண்டிக்கு வாடகை, இடையில் இளைப்பாறுமிடத்துச் சிற்றுண்டி, ஆட்டம் முடிந்தபின் வெந்நீர்க் குளியல், அதன்பின் விருந்து எனச் செலவு தொடரும். விடுமுறை நாளில் ஒருவர் ஆடி மீள 3,00,000 வோனுக்கு மேற்படுதல் அரிதன்று. அஃதாவது 15,000 ரூபாய்க்கு மேல்.

இனி, உறுப்பினர் முறை என்பதொன்று உண்டு. அது கேட்டற்கு இனியது. களம் அமைக்க முற்படுவோர் பெருந்தொகை ஒன்றை ஒவ்வோர் உறுப்பினரிடமிருந்தும் முன்பணமாகப் பெறுவர். அப்பணங்கொண்டே மலையை வெட்டிக் களம் அமைப்பர். குறித்த ஆண்டுகள் கழிந்தபின் உறுப்பினர் வேண்டினால் அத்தொகையைத் திருப்பிக் கொடுத்தல் வேண்டும். இவ்வுறுப்புரிமைச் சீட்டு கைமாற்றத்தக்கது. நம்மூரில் நிலப்பத்திரத்தைக் கைமாற்றுதல் போல, அங்கு அச்சீட்டுக்களைத் தரகர் வாயிலாக வாங்குவதும் விற்பதும் நிகழும். விலை ஏறுங்காலத்தில் ஆடத் தெரியாதவரும் அதனை வாங்கினர். கம்பெனிகள் தம் வாணிக நண்பர்களை விருந்தோம்புதற்காக வாங்கின. 2008-ஆம் ஆண்டின் உலகப் பொருள்நெருக்கடிக்குப் பின்னர் விலை வீழ்ந்தது. பலரும் முன்பணத்தைத் திரும்பக் கேட்டனர். கொடுக்க இயலாத களங்கள் கடனில் மூழ்கின. அவற்றுட் பல உறுப்பினர் முறையைக் கைவிட்டு, கட்டணஞ் செலுத்துவார் எவரும் ஆடத்தக்க பொதுக்களங்களாக மாறின. ஆடுங்களமே பந்தயப் பொருளாகிப் பின் பொதுவுடைமையை நோக்கி ஓரடி எடுத்து வைத்த வரலாறு இது.

அரசரும் அதிகாரிகளும்

கொரிய நாட்டிற் கோல்ப் வேரூன்றிய வரலாறும் நோக்கத்தக்கது. ஜப்பானியர் ஆட்சிக் காலத்தில், 1921-இல், சியோல் நகரத்து ஹியோசாங் என்னுமிடத்தில் ஒரு களம் அமைக்கப்பட்டது. அவ்விடம் முன்னர் அரச குடும்பத்தினரின் கல்லறை நிலமாக இருந்தது. பின்னாளில், விடுதலை வீரராகிய கிம் கூ என்பார் 1949-இல் அங்கேயே அடக்கஞ் செய்யப்பெற்றார். ஒரு துண்டு நிலம் அரசர்க்குக் கல்லறையாகவும், ஆள வந்தோர்க்கு ஆடரங்கமாகவும், நாட்டுத் தொண்டர்க்கு நினைவிடமாகவும் மாறிய இவ்வரலாற்றில் அந்நாட்டின் வரலாறே அடங்கியுள்ளது எனலாம்.

நாடு விடுதலை பெற்றுத் தொழில் வளர்ந்தபின், பெரிய வணிகர் கோல்ப் களங்களை அமைக்கலாயினர். சாம்சங் நிறுவனத்தைத் தோற்றுவித்த லீ பியுங் சுல் 1968-இல் அன்யாங் களத்தைத் திறந்தார். அரசாங்கத்தின் கடனும் அனுமதியுமே தொழிலின் உயிர்நாடியாக இருந்த காலம் அது. அதிகாரியும் வணிகரும் நான்கு மணி நேரம் பிறர் செவி படாது உடன் நடத்தற்கேற்ற இடம் வேறு யாது? அலுவலகத்திற் கால்மணி நேரம் பேசக் கிடைத்தலே அரிதாயிருக்க, புல்வெளியிற் பாதி நாள் கிடைத்தது. விருந்தோம்பற் கோல்ப் எனப் பொருள்படும் ஒரு தொடரே அவர்தம் மொழியில் வழங்கலாயிற்று. ஆட்டத்தின் கட்டணத்தை வணிகர் கொடுப்பர். அதன் பயனைப் பின்னொரு நாள் பெறுவர். இவ்வாறு, அங்கு விற்கப்பட்ட பொருள் பந்தாட்டமன்று. பெரியோரின் அண்மையே விற்கப்பட்டது. விலை உயர உயர அவ்வண்மையின் மதிப்பும் உயர்ந்தது. அதனை நாடுவோரும் பெருகினர். விலையேறினால் விரும்புவோர் குறைவர் என்னும் பொருளாதார நூல் விதி இங்குத் தலைகீழாதல் காண்க.

இதன் தீமையை அந்நாட்டவரே உணர்ந்தனர். 1993-இல் ஜனாதிபதியான கிம் யங் சாம், தம் பதவிக் காலத்திற் கோல்ப் ஆடுவதில்லை என அறிவித்தார். அரசாங்க அலுவலரும் அஞ்சிக் கோல்களை ஒளித்து வைத்தனர். 2006-இல் முதல் மந்திரி லீ ஹே சான், ரெயில்வேத் தொழிலாளரின் வேலைநிறுத்தம் நிகழ்ந்துகொண்டிருந்தபோது, மார்ச் 1-ஆம் நாளில் வணிகர் சிலரோடு கோல்ப் ஆடினார் என்னும் கண்டனம் எழுந்தது. 1919-இல் ஜப்பானியர்க்கு எதிராக மக்கள் எழுந்த நாளின் நினைவு விழாவும் அதுவே. அக்கண்டனத்தின் விளைவாக அவர் பதவி துறந்தார். 2016 செப்டம்பர் 28-ஆம் நாள் முதல் நடைமுறைக்கு வந்த ஊழல் தடுப்புச் சட்டம், அரசாங்க அலுவலர், ஆசிரியர், பத்திரிகையாளர் ஆகியோர் தம் பணியோடு தொடர்புடையோரின் செலவிற் கோல்ப் ஆடுவதற்குத் தடை விதித்தது. அதன்பின் ஒவ்வொருவரும் தத்தம் பங்கைத் தாமே செலுத்தும் வழக்கம் பரவிற்று.

எளியோரும் விரும்பியமை

இதுகாறுங் கூறியவற்றால், கோல்ப் செல்வர்க்கும் அதிகாரிகட்கும் மட்டுமே உரியது என்று தோன்றும். அங்ஙனமாயின், சாதாரணக் கொரியரும் அதன்மீது அன்பு கொண்டது எங்ஙனம்? அதற்கு 1998-ஆம் ஆண்டு நிகழ்ச்சியே காரணம்.

1997-ஆம் ஆண்டின் இறுதியில் தென்கொரியா கடன் நெருக்கடியுட் பட்டு, சர்வதேச நிதி நிறுவனத்திடம் கடன் வேண்டி நின்றது. பெருங் கம்பெனிகள் சரிந்தன. பலர் வேலை இழந்தனர். மக்கள் தம் வீட்டுத் தங்க நகைகளை நாட்டின் கடனைத் தீர்க்க மனமுவந்து கொடுத்த காலம் அது. 1998 ஜூலையில், பாக் செ ரி என்னும் இருபது வயதுப் பெண், அமெரிக்க நாட்டு விஸ்கான்ஸின் மாகாணத்தில் நடைபெற்ற மகளிர் ஓபன் போட்டியில் ஆடினாள். நான்கு நாள் ஆடியும் இருவர் சமநிலையில் நின்றமையால், ஐந்தாம் நாள் மறுபடியும் 18 குழிகள் ஆட வேண்டியதாயிற்று. இறுதிக் குழியில் அவளது பந்து நீர்க்கரைச் சரிவிற் சென்று தங்கிற்று. அவள் காலணிகளையும் காலுறைகளையும் கழற்றி, நீருள் இறங்கி நின்று, அப்பந்தை அடித்து மீட்டாள். வெயிலிற் கறுத்த கால்களும் காலுறை மறைத்த வெண்பாதங்களும் அன்று நாடு முழுவதுங் காணப்பட்டன. ஆட்டம் மீண்டுஞ் சமநிலையாகி, மேலும் இரு குழிகள் ஆடியபின் அவளே வென்றாள். தாழ்வுற்று நின்ற ஒரு நாடு அவ்வெண்பாதங்களிற் தன் உழைப்பைக் கண்டது. அவள் நீரினின்று மீண்டதில் தன் மீட்சியைக் கண்டது.

அன்று தொலைக்காட்சியில் அதனைக் கண்ட சிறுமியர் பலர் தாமும் கோலேந்தினர். அவருள் ஒருத்தியாகிய பாக் இன் பீ 2008-இல் அதே மகளிர் ஓபன் போட்டியை வென்றாள்; 2016-இல் ரியோ நகர ஒலிம்பிக் பந்தயத்திற் பொற்பதக்கம் பெற்றாள். ஆடவருள் சோய் கியுங் ஜூ என்பவர் வாண்டோத் தீவைச் சேர்ந்த வேளாளரின் மகன், கிறிஸ்தவர். அவர் 2002-இல் அமெரிக்கத் தொழில்முறைப் போட்டியொன்றில் வென்றார். யாங் யோங் யுன் 2009-இல் டைகர் வுட்ஸை முந்தி, ஆசியாவிற் பிறந்த ஆடவருள் முதன்முதலாகப் பெரும்பட்டம் ஒன்றை வென்றார். இவ்வெற்றிகளின் பின்னே பெற்றோர் பலரின் பெருந்துணிவு உள்ளது. வீட்டையும் சேமிப்பையும் ஈடாக வைத்து மகளைப் பயிற்றிய தந்தையரின் கதைகள் அங்குப் பல. புகழ்பெற்ற ஒருத்திக்காக நாம் மகிழுங்கால், அவ்வாறே பயின்றும் பெயர் வெளிப்படாது போன பலரையும் நினைத்தல் நேர்மையாகும்.

ஆசையுண்டு, பொருளில்லை என்னும் நிலையிலிருந்த மக்கட்கு ஒரு கருவி வழி காட்டிற்று. 2000-ஆம் ஆண்டிற் தோன்றிய கோல்ப்சோன் என்னும் கம்பெனியும் அதனை யொத்த பிறவும், ஓர் அறையின் சுவரில் திரையிட்டு, அதன்மீது களத்தின் தோற்றத்தைக் காட்டும் இயந்திரத்தைப் பரப்பின. ஆடுபவர் மெய்யான கோலால் மெய்யான பந்தைத் திரையை நோக்கி அடிப்பர். பந்தின் வேகத்தையும் திசையையும் கருவி அளந்து, அது எங்குச் சென்று விழும் என்பதனைத் திரையிற் காட்டும். 150 ஏக்கர் நிலம் ஓர் அறையுள் அடங்கிற்று! நகரத்துத் தெருக்களிற் கடைகளின் மாடியிலும் நிலவறையிலும் இத்தகைய அறைகள் ஆயிரக்கணக்கில் உள. வேலை முடிந்த மாலையில், களத்திற்குச் செல்லும் செலவிற் சிறு பங்கைக் கொடுத்து, எழுத்தரும் கடைக்காரரும் அங்கு ஆடுகின்றனர். 2020-இல் பெருந்தொற்றால் அயல்நாட்டுப் பயணம் தடைப்பட்டபோது இளைஞர் பலர் புதிதாகக் கோல்ப் பழகினர். களங்களின் கட்டணமும் ஏறிற்று. அதனைக் கண்ட அரசாங்கம், கட்டணத்தை ஓர் அளவிற்குள் வைத்திருக்கும் களங்கட்கே பொதுக்களத்திற்குரிய வரிச்சலுகை என்னும் முறையை 2022-இற் கொணர்ந்தது.

நம் நாட்டின் நிலை

நிற்க. நம் நாட்டிற் கோல்ப் வரலாறு கொரிய நாட்டினும் மிகப் பழையது. 1829-இல் கல்கத்தாவிலும் 1876-இல் பெங்களூரிலும் கோல்ப் சங்கங்கள் தோன்றின. நம் எல்லைக்கு அப்பாலுள்ள கோலார்த் தங்கவயலிலும் ஆங்கில அதிகாரிகள் கோல்ப் ஆடினர். பூமியின் அடியிற் சென்று பொன் எடுத்தவரோ பெரும்பாலும் தமிழகத்தினின்று சென்ற தொழிலாளர். 2001-இல் அச்சுரங்கம் மூடப்பட்டது. சென்னையில் நந்தனத்திலும் கிண்டியிலும் அமைந்த களங்கள் நகரத்தார் நன்கறிந்தவை. தொழில்பற்றிச் சென்னையில் வந்து குடியேறிய கொரியர் விடுமுறை நாட்காலையில் கோல்ப் களங்களை நாடுதல் வியப்பன்று. தாய்நாட்டில் நினைத்தற்கரிய செலவுடைய ஆட்டம் இங்கு எளிதாகக் கிட்டுகிறது, பனியும் தடுப்பதில்லை, தம் மொழி பேசுவாரொடு அளவளாவும் வாய்ப்பும் உண்டு. ஓசூரை அடுத்தும் குளோவர் கிரீன்ஸ் என்னும் பெயரில் ஒரு களம் உள்ளது. கடல்மட்டத்திற்கு ஏறக்குறைய 3,000 அடி உயர்ந்த இவ்வெல்லைப்புறத்தின் மிதமான தட்பவெப்பம் இவ்வாட்டத்திற்கு ஏற்றதே.

ஆயினும் தட்பவெப்பம் மட்டும் போதுமோ? ராயக்கோட்டையைச் சூழ்ந்த நிலம் தக்காளியும் மலரும் விளையும் நிலம். ஆழ்துளைக் கிணற்றின் நீரை நம்பி, சந்தை விலையின் ஏற்றத்தாழ்வை அஞ்சி, வேளாண்மை செய்வோர் பலர். குடும்பத்திற்கு இரண்டு ஏக்கர் என வைத்துக்கொள்ளின், ஒரு கோல்ப் களத்தின் 150 ஏக்கர் 75 குடும்பங்களின் வாழ்வாகும். இஃது எவர்மீதும் சாட்டும் குற்றமன்று; கணக்கே. கோடையிலும் புல் பசுமையாயிருத்தல் வேண்டுமெனின் நாள்தோறும் நீர் வேண்டும். நகரத்தின் கழிவுநீரைத் தூய்மை செய்து புல்லுக்குப் பாய்ச்சும் முறை உண்டு. அம்முறையைக் கட்டாயமாக்கின், குடிநீருக்கும் புல்லுக்கும் பகை இராது. கட்டாயமாக்காவிடின், ஒருவர் ஆடும் புல்லின் பசுமை மற்றொருவர் வயலின் வறட்சியாக முடியும்.

நகரம் வளருங்கால் இக்கணக்கு மேலுங் கடினமாகும். கிண்டிக் குதிரைப்பந்தயக் களத்தின் நடுவே ஜிம்கானா சங்கத்தாரின் கோல்ப் களம் அமைந்திருந்தது. அப்பந்தயக் களத்திற்கு நெடுங்காலக் குத்தகையாக அளிக்கப்பட்டிருந்த 160.86 ஏக்கர் அரசாங்க நிலத்தின் குத்தகையை 2024 செப்டம்பரில் தமிழ்நாட்டரசு நீக்கிற்று. அங்குப் பூங்காவும் மழைநீர் தேங்குங் குளங்களும் அமைக்க அரசு முற்பட்டது. குத்தகையாளர் நீதிமன்றத்தை நாடினர். இவ்வழக்கின் நியாயத்தை ஆராய்தல் நம் வேலையன்று. ஆனால் ஒன்று தெளிவு: பொது நிலத்தைப் பழைய வாடகைக்குச் சிலர் ஆடக் கொடுத்தால், அவ்வாட்டத்தின் செலவில் ஒரு பகுதியை ஆடாதோரும் செலுத்துகின்றனர். கொரிய நாட்டார் கோல்ப் ஆட்டத்திற்கு வரி விதித்தனர். நாமோ சிலவிடங்களில் அறியாமலே உதவித் தொகை கொடுத்தோம்.

பை தூக்குவோர்

இனி, களத்தில் எப்பொழுதும் இருந்தும் எவர் கண்ணிலும் படாத ஒரு வகுப்பினரைக் கூறாது விடுதல் முறையன்று. கோல்கள் நிறைந்த பையைத் தூக்கிக்கொண்டு ஆடுவாருடன் செல்லும் துணையாளை ஆங்கிலத்திற் 'கேடி' என்பர். நம் மொழியில் அச்சொல் போலீசார் ஏட்டிற்குரிய பொருளைத் தருமாதலின், பை தூக்குவோர் என்றே குறிப்பாம். இவர் பெரும்பாலும் களத்தை அடுத்த சிற்றூர்களைச் சார்ந்த ஏழைச் சிறுவரும் இளைஞருமாவர். நிலத்தின் மேடு பள்ளமும் காற்றின் போக்கும் ஆடுவோரினும் இவர்க்கே நன்கு தெரியும். பெரியோர் பேசும் பேச்செல்லாம் இவர் செவியில் விழும்; ஆயினும் அப்பேச்சில் இவர்க்குப் பங்கில்லை. கோல்ப் ஆட்டத்திற்கு மிக அண்மையிலும் மிகச் சேய்மையிலும் ஒருங்கே நிற்பவர் இவரே.

ஆனால் வாய்ப்புக் கிடைத்தபோது இவர் செய்து காட்டியது யாது? கல்கத்தாக் களத்திற் புல் காக்கும் வேலைக்காரரின் மகனாகிய சௌராசியா 2016, 2017 ஆகிய ஈராண்டுகளிலும் இந்திய ஓபன் பட்டத்தை வென்றார். பெங்களூரில் பை தூக்குபவராக வாழ்க்கையைத் தொடங்கிய முனியப்பா என்பவர் 2009-இல் அப்பட்டத்தை வென்றார். சமநிலையில் முடிந்த அப்போட்டியின் மறு ஆட்டத்தில் அவர் வென்றது லீ சுங் என்னும் கொரிய வீரரை என்பது இக்கட்டுரைக்கு மிகப் பொருத்தமான செய்தி. அந்நாடு பெரும்பொருள் செலவிட்டுப் பயிற்றிய ஆட்டத்தில், நம் எல்லைப்புறத்தை அடுத்த ஊரின் ஏழை இளைஞர் ஒருவர் பிறர் பையைத் தூக்கியே கற்ற கல்வி வென்றது. முனியப்பா ஒருவரைப் பெற்ற நாம், வாய்ப்பின்மையால் எத்தனை முனியப்பாக்களை இழந்தோமோ என்று எண்ணாதிருத்தல் இயலுமோ?

முடிவுரை

இதுகாறும் ஆராய்ந்தவற்றாற் போந்த முடிவு இதுவாகும். கொரியர் கோல்ப் ஆட்டத்தைப் போற்றுவதற்கு அதன் அழகு மட்டும் காரணமன்று. நிலம் அரிதாதலின் ஆட்டம் அரிதாயிற்று. அரிதாதலின் மதிப்புப் பெற்றது. மதிப்புப் பெற்றதாதலின் பதவியும் வாணிகமும் அதனைச் சூழ்ந்தன. பின்னர் ஒரு பெண்ணின் வெற்றி அதனை நாட்டின் பெருமையாக்கிற்று. ஒரு கருவி அதனை எளியோர் கையிற் சேர்த்தது. அதன் தீமையை அவர் சட்டத்தால் அடக்க முயன்றனர். அதன் இன்பத்தைத் திரையாற் பகிர்ந்தனர். இவ்விரண்டும் நாம் கற்கத்தக்கன.

நம் எல்லைப்புறத்திற்கு வரும் ஆலைகளையும் அவற்றோடு வரும் ஆட்டங்களையும் கண்டு வாய்பிளந்து நிற்றலும் தகாது. வெறுத்து ஒதுக்குதலும் தகாது. ஆகாப் அரசன் தன் அரண்மனையை அடுத்திருந்த நாபோத்தின் திராட்சத் தோட்டத்தை விரும்பிய கதையை நாம் சிறுவயது முதற் கேட்டிருக்கின்றோம். அரசன் தோட்டத்தை விரும்பியது பாவமன்று. கொடாதவனை அழித்துக் கொண்டதே பாவம். ஆதலின் நிலத்திற்கு நேர்மையான விலை, நீருக்கு நேர்மையான அளவு, பை தூக்குவார்க்கு நேர்மையான கூலி, அவர் மக்கட்குப் பள்ளி என்னும் நான்கனையும் வற்புறுத்துவோமாக. இவை நிறைவேறிய களத்தில் கொரியரும் ஆடுக, கன்னடரும் ஆடுக, தமிழரும் ஆடுக. அன்று பையைத் தூக்கி நடக்கும் சிறுவன், ஆட்டம் முடிந்த மாலையில் தானும் ஒரு கோலை எடுத்துப் பந்தின் முன் நிற்பானாயின், அவ்விளையாட்டு நம் மண்ணில் விளையாட்டாகவே நிலைபெறும்.